நக்சோஸிலிருந்து சின்னத் தீவுகளுக்கு ஒருநாள் பாய்மரப் படகு: திரும்பும் வழியை முதலில் பாருங்கள்

கேள்வி (மே 11)

ஜூலை கடைசி வாரம் கிரேக்கத்தின் நக்சோஸ் தீவில் நான்கு இரவு தங்குகிறோம். நான், மனைவி, பத்து வயது மகள், அறுபத்தெட்டு வயது அப்பா. கூட்டமில்லாத தீவு ஒன்றுக்கு ஒருநாள் பாய்மரப் படகில் போய் வர ஆசை. கூஃபோனீசியின் படங்களைப் பார்த்ததிலிருந்து மகளுக்கு அங்கேதான் போக வேண்டுமாம். வேகப்படகு வேண்டாம், பாய் விரித்துப் போக வேண்டும். அப்பா சுத்த சைவம். எந்தப் பயணத்தை எடுக்கலாம்?

மே 11, இரவு

நேராக விஷயத்துக்கு வருகிறேன். நக்சோஸ் நகரத் துறைமுகத்திலிருந்து பாயை மட்டும் நம்பி ஒரே நாளில் கூஃபோனீசி போய்த் திரும்புவது ஜூலை கடைசியில் நடக்காத காரியம் என்று வைத்துக்கொள்ளுங்கள். பாதிக் காரணம் தூரம், பாதிக் காரணம் காற்று.

நக்சோஸ் நகரம் தீவின் வடமேற்கு மூலையில் இருக்கிறது. சின்ன சிக்லடீஸ் என்கிற தீவுக்கூட்டம் தெற்கிலும் தென்கிழக்கிலும்: இராக்லியா, ஸ்கினூசா, மேல் கூஃபோனீசி, கீழ் கூஃபோனீசி, ஆளில்லாத கேரோஸ். தொனூசா மட்டும் தனியாகக் கிழக்கே தள்ளி. மேற்குக் கரையை ஒட்டி இறங்கித் தென்முனையைச் சுற்றினால் இராக்லியா ஏறக்குறைய 17 கடல் மைல், கூஃபோனீசி 22. நாற்பதடிப் பாய்மரப் படகு நல்ல காற்றில் 6 நாட், அதாவது மணிக்கு 6 கடல் மைல் போகும். கூஃபோனீசிக்குப் போவதற்கே மூன்றே முக்கால் மணி நேரம். காலை ஒன்பதரைக்குக் கிளம்பினால் ஒன்றேகாலுக்குத்தான் நங்கூரம் இறங்கும்.

அடுத்தது காற்று. கோடையில் ஏஜியன் கடலில் அடிப்பது மெல்தேமி. வடக்கிலிருந்து வருகிற காற்று. நம் மீனவர்கள் வாயில் அது வாடை. நமக்கு வாடை என்றால் மார்கழிக் குளிர். அங்கே வாடை அடிப்பது ஜூலையிலும் ஆகஸ்டிலும். பால்கன் பக்கம் காற்றழுத்தம் கூடி, துருக்கியின் அனடோலியா நிலப்பரப்பு வெயிலில் காய்ந்து அங்கே அழுத்தம் குறைய, இரண்டுக்கும் நடுவே இருக்கிற ஏஜியன் ஒரு வாய்க்கால்போல ஆகிவிடுகிறது. மேகம் திரளாது, மழை வராது. வானம் துடைத்து வைத்தது போல் நீலமாக இருக்கும்போதே 6 பொஃபோர் (காற்றின் பலத்தைச் சொல்லும் அளவு) அடிக்கும். பொதுவாக முற்பகலில் ஏறத் தொடங்கி, பிற்பகலில் உச்சம்.

இப்போது இரண்டையும் சேர்த்துப் பாருங்கள். தெற்கே போகும்போது காற்று முதுகில். படகு நிமிர்ந்து ஓடும், வெயில் இதமாக இருக்கும், எல்லோரும் சிரிப்பார்கள். திரும்பும்போது அதே காற்று முகத்தில், அதுவும் நாளின் உச்ச வேகத்தில். பாய்மரப் படகு காற்று வரும் திசைக்கு நேராகப் போக முடியாது. சுமார் 45 பாகை விலகித்தான் போகும். இடமும் வலமுமாகப் பாய் மாற்றி மாற்றி வளைந்து வர வேண்டும். அதில் 17 மைல் 24 மைல் ஆகிவிடும். அலையில் முட்டி முட்டி வேகமும் குறையும். நாலரை மணி நேரம். இதனால்தான் பெரும்பாலான கேப்டன்கள் திரும்பும்போது பாயைச் சுருட்டிவிட்டு எஞ்சினில் வருவார்கள். அதில் தப்பு ஒன்றும் இல்லை. ஆனால் நீங்கள் காசு கொடுப்பது பாய்க்கு.

ஆகவே தீவைப் படம் பார்த்துத் தேர்ந்தெடுக்காதீர்கள். திரும்பி வரும் வழியில் காற்று எந்தப் பக்கம் இருக்கும் என்று முதலில் பாருங்கள். அது சரியாக இருந்தால் போகிற இடம் தானாகச் சரியாகிவிடும்.

உங்களுக்கு இரண்டு வழி. ஒன்று, நக்சோஸிலேயே இருந்து தென்கரையில் இருக்கிற ரீனா குகைப் பக்கம் போய் வாருங்கள்; காற்று 4 அல்லது அதற்குக் கீழே இருந்தால் மட்டும் இராக்லியா வரை. இரண்டாவது, நான்கு இரவில் இரண்டை கூஃபோனீசிக்கோ ஸ்கினூசாவுக்கோ மாற்றிக்கொண்டு, அங்கிருந்து சின்னப் படகு எடுங்கள். அந்தத் தீவுகளுக்குள் ஒவ்வொரு தாவலும் சில மைல்தான். எனக்குக் கேட்டால் இரண்டாவதுதான்.

மே 12

நேற்று எழுதியதில் ஒரு திருத்தம். 17 மைல் என்றது நகரத் துறைமுகத்திலிருந்து. சில படகுகள் தெற்கே ஆகியா ஆன்னாவிலிருந்து கிளம்பும். அங்கிருந்து மூன்று மைல் போல மிச்சம். போக வர ஆறு மைல், அதாவது ஒரு மணி நேரம் நீச்சலுக்குக் கூடுதல். முன்பதிவு செய்யும்போது "எந்தத் துறையிலிருந்து ஏற்றுவீர்கள்" என்பதை முதல் கேள்வியாகக் கேளுங்கள்.

மே 12, பிற்பகல்

"4 பொஃபோர் வரை சரி" என்று சுருக்கமாகச் சொன்னது போதாது. கிரேக்கத்தில் டீக்கடைக்காரர் முதல் துறைமுக அதிகாரி வரை எல்லோரும் காற்றை பொஃபோரில்தான் பேசுவார்கள். 3 என்றால் 7 முதல் 10 நாட். 4 என்றால் 11–16. 5 என்றால் 17–21. 6 என்றால் 22–27. எண் ஒன்று ஏறினாலும் பாயின் மேல் விழும் பாரம் அதைவிட அதிகமாக ஏறும், ஏனென்றால் விசை வேகத்தின் இருமடிப்படி கூடுகிறது. 12 நாட் 24 ஆனால் விசை நான்கு மடங்கு.

இன்னொன்று: வானிலை அறிக்கையில் வருவது சராசரி வேகம். இடையிடையே வரும் வீச்சு அதைவிட மூன்றில் ஒரு பங்கு கூடுதலாக இருப்பது சாதாரணம். "20 நாட்" என்று பார்த்தால் 27ஐ எதிர்பார்த்துப் போங்கள்.

குழந்தையும் பெரியவரும் இருக்கிற வீட்டுக்கு என் கணக்கு: 3 என்றால் சுகம், 4 என்றால் பாய்ப்பயணத்துக்கு அருமை, 5 என்றால் காற்றுக்கு மறைவான பக்கம் மட்டும், 6 என்றால் கரையில் இருங்கள். 6 ஆனதும் சிறிய சுற்றுலாப் படகுகள் பெரும்பாலும் கிளம்பாது.

மே 14

"காற்று வடக்கு என்றால் தீவின் தெற்குப் பக்கம் அமைதியாகத்தானே இருக்கும்?" என்று ஒருவர் கேட்டிருக்கிறார். அலைக்கு ஆம், காற்றுக்கு எப்போதும் இல்லை. தாழ்வான தீவின் தெற்கில் இரண்டும் அடங்கும். மலைத் தீவின் தெற்கில் அலை இருக்காது, ஆனால் காற்று மலையின் மேல் ஏறி, மறுபுறம் சரிந்து, கூடுதல் வேகத்தில் தண்ணீரின் மேல் விழும். இரண்டு நிமிடம் சும்மா இருக்கும், அடுத்த அரை நிமிடம் துண்டைப் பறித்துக்கொண்டு போகும். நக்சோஸின் ஸாஸ் மலை 1,004 மீட்டர், சிக்லடீஸ் தீவுக்கூட்டம் முழுவதிலுமே உயரம். பக்கத்து அமோர்கோஸ் தீவின் தென்கரை இதற்குப் பேர்போனது. இராக்லியாகூட 400 மீட்டருக்கு மேல் எழும்புகிறது. கூஃபோனீசியும் ஸ்கினூசாவும் தாழ்ந்தவை. அவற்றின் தெற்குக் கடற்கரைகள் நிம்மதியாக இருப்பதற்கு அதுதான் காரணம்.

ஓர் அடையாளம்: வானம் முழுக்கத் தெளிவாக இருந்து, மலை உச்சியில் மட்டும் தொப்பிபோல ஒரு மேகம் நகராமல் உட்கார்ந்திருந்தால், அதன் தெற்குச் சரிவில் காற்று பலமாக விழுகிறது என்று அர்த்தம்.

மே 15

ஃபெரியில் காலை போய் மாலை திரும்பலாமா என்ற கேள்விக்கு: நக்சோஸுக்கும் அமோர்கோஸுக்கும் நடுவே இந்தத் தீவுகளைத் தொட்டுப் போகிற சின்னக் கப்பல் 'எக்ஸ்பிரஸ் ஸ்கொபெலீத்திஸ்'. பல்லாண்டுகளாக இந்தத் தீவுக்காரர்களின் உயிர்நாடி. ஆனால் அது அமோர்கோஸ் மக்களுக்காக ஓடுவது: காலையில் அங்கிருந்து நக்சோஸ் வந்து, பிற்பகலில் திரும்பும். நக்சோஸில் தங்கியிருப்பவருக்கு இந்த நேரம் தலைகீழ். ஒரு இரவு தங்குவதற்குப் பொருத்தம், ஒருநாள் பயணத்துக்கு ஆகாது. பெரிய ஃபெரிகளும் வேகக் கப்பல்களும் சில நாட்களில் உண்டு. அந்தந்த வாரத்து அட்டவணையைப் பார்த்துத்தான் சொல்ல முடியும்.

மே 19

பாய்ப்பயணத்துக்கே ஏற்ற வழி ஒன்று இருக்கிறது, அதிகம் பேர் பேசுவதில்லை. நக்சோஸின் கிழக்குக் கரையில் மூட்சூனா என்று ஒரு குட்டித் துறை. மலையில் வெட்டிய எமரி என்கிற சாணைக் கல்லைக் கம்பிவழித் தொட்டிகளில் இறக்கிக் கப்பலேற்றிய இடம். அந்தக் கம்பித் தூண்கள் இன்னும் நிற்கின்றன. அங்கிருந்து தொனூசா நேர் கிழக்கே பத்து மைல். காற்று வடக்கு, பயணம் கிழக்கு மேற்கு. அதாவது போகும்போது காற்று இடப்பக்கம், திரும்பும்போது வலப்பக்கம். பாய்மரப் படகு மிகச் சுகமாக ஓடுவது பக்கக் காற்றில்தான். போக வர இரண்டுக்கும் பாய்! தொனூசாவின் துறை ஸ்டாவ்ரோஸ் தென்புறக் கரையில், வடக்குக் காற்றுக்கு மறைவாக. பக்கத்திலேயே கேத்ரோஸ் கடற்கரை.

மூட்சூனாவில் தினசரி படகு நிற்காது. முழுப் படகையும் கேப்டனோடு வாடகைக்கு எடுப்பவர்கள்தான் இதைக் கேட்க முடியும்.

மே 20

மேலே எழுதியதை இன்று படித்தபோது ஒரு பக்கம் மட்டும் சொல்லியிருப்பது தெரிந்தது. பக்கக் காற்று பாய்க்கு நல்லது. ஆனால் அந்தப் பத்து மைலும் வடக்கே திறந்த கடல். காற்று பக்கவாட்டில் என்றால் அலையும் பக்கவாட்டில். படகு உருளும். முகத்தில் வரும் அலையைவிடப் பக்க அலை வயிற்றைச் சீக்கிரம் கலக்கும். பாய் விரித்திருந்தால் அந்த விசை படகை ஒரு பக்கம் சாய்த்துப் பிடித்து உருளலைக் குறைக்கும். பாயைச் சுருட்டி எஞ்சினில் போனால் மோசம். ஆக தொனூசா வழி கடல் பழகியவர்களுக்கு. கேள்வி கேட்டவர் அப்பாவோடும் மகளோடும் போகிறார். அவருக்கு வேண்டாம்.

மே 27

கடல் மயக்கம் பற்றி ஐந்தாறு பேர் கேட்டுவிட்டார்கள். வரும் முன் தடுப்பதுதான் வழி. தொடங்கிய பிறகு மாத்திரை விழுங்கினால் அது வயிற்றில் தங்காது. ஊரிலிருந்து எடுத்துப்போகிறவர்களுக்கு அவோமின் தெரிந்த மாத்திரை. முந்தின இரவு ஒன்று போடுவது நல்ல பலன் தரும். கிரேக்கத்தில் பச்சைச் சிலுவை விளக்கு எரிகிற மருந்துக்கடையில் டிரமமின் கிடைக்கும். கிளம்புவதற்கு ஒரு மணி நேரம் முன்பு. இரண்டுமே தூக்கம் வரவழைக்கும், மதுவோடு சேராது. பெரியவர்கள் இரத்த அழுத்தம், புராஸ்டேட், கண் அழுத்தம் எதற்காவது மருந்து எடுப்பவராக இருந்தால் டாக்டரைக் கேட்காமல் போடக் கூடாது. குழந்தைக்கு அளவு எடையைப் பொறுத்தது. அதையும் அவரிடமே கேளுங்கள்.

வெறும் வயிற்றில் ஏறக் கூடாது. ரொட்டி, வாழைப்பழம் போதும். காலையில் எண்ணெய்ப் பலகாரம் வேண்டாம். உட்காரும் இடம் படகின் நடுவிலிருந்து பின்பக்கமாக. அணியம், அதாவது முன்முனை, படம் எடுக்க அழகு. ஆனால் அங்கேதான் ஏற்ற இறக்கம் அதிகம். கண் தொடுவானத்தில் இருக்கட்டும். போன் பார்க்கக் கூடாது. கீழே அறைக்குள் போகவே கூடாது. ஆடுகிற படகில் அடைத்த அறையும் டீசல் வாசமும் சேர்ந்தால் ஐந்து நிமிடம் தாங்காது. மயக்கம் வருகிற மாதிரி இருந்தால் கேப்டனிடம் உடனே சொல்லுங்கள். சுக்கானை உங்கள் கையில் கொடுத்துவிடுவார். அது உபசாரத்துக்கு இல்லை. திசை பார்த்துப் படகை ஓட்டுகிறவருக்கு அடுத்த அசைவு எது என்று உடம்புக்கு முன்கூட்டியே தெரிவதால் மயக்கம் குறையும்.

இரட்டைத் தோணி அமைப்புள்ள கட்டமரன் வகையா, ஒற்றை அடிப்பாகமா? கட்டமரன் சாயாது, விசாலம், பெரியவர்களுக்கு வசதி. (பெயரே நம் கட்டுமரம்தான், ஏஜியனில் அந்தச் சொல்லைக் கேட்கும்போது சந்தோஷமாக இருக்கும்.) ஆனால் எதிரலையில் இரண்டு தோணிக்கும் நடுவே இருக்கிற தளத்தின் அடியில் அலை 'டமார்' என்று அறையும். பயப்பட ஒன்றுமில்லை, சத்தம்தான். ஒற்றை அடிப்பாகப் படகு 15–20 பாகை சாய்ந்து ஓடும், அலையை மென்மையாகப் பிளக்கும். சாய்வு பழகாதவர்களுக்கு முதல் பத்து நிமிடம் நெஞ்சு படபடக்கும். அடியில் தொங்குகிற ஈய அல்லது இரும்பு எடை அதைக் கவிழ விடாது. சாயச் சாய அந்த எடை நிமிர்த்தும் விசை கூடும். இதை மகளுக்கு முந்தின நாளே சொல்லிக்கொடுங்கள்.

மே 28

விட்டுப்போனது: படகுக் கழிப்பறை. நீங்கள் தின்று செரித்ததைத் தவிர எதுவும் உள்ளே போகக் கூடாது. காகிதம் பக்கத்துக் கூடையில். குழாய் விட்டம் சின்னது. ஒரு ஈரத்துடைப்பான் போதும், நாள் முழுக்க அடைத்துக்கொள்ள. கையால் அடிக்கும் பம்பு என்றால் பதினைந்து இருபது அடி அடிக்க வேண்டும். தண்ணீர் ஊற்றிக் கழுவிப் பழகியவர்கள் ஒரு சின்ன மூடி போட்ட பாட்டில் வைத்துக்கொள்ளுங்கள்.

ஜூன் 3

சாப்பாடு. படகிலேயே மதிய உணவு என்றால் பெரும்பாலும் பாஸ்தாவோ சுட்ட இறைச்சியோ. முந்தின நாளே சொன்னால் சைவம் செய்து தருவார்கள், ஏறிய பிறகு சொன்னால் தக்காளியும் ரொட்டியும்தான்.

கரை உணவகத்தில் சைவத்துக்கு ஒரு சொல் போதும்: "நிஸ்தீசிமோ". ஆர்த்தடாக்ஸ் கிறிஸ்தவர்களின் விரத உணவு. இறைச்சி, பால், முட்டை, மீன் எதுவும் கிடையாது. ஆனால் கவனம்! கணவாய், சிப்பி, இறால், பேய்க்கணவாய் எல்லாம் விரதத்தில் அனுமதி உண்டு. ஆகவே "கடல் பொருளும் வேண்டாம்" என்று சேர்த்துச் சொல்ல வேண்டும். நம்பிக் கேட்கக்கூடியவை: பெரிய மொச்சையைத் தக்காளியில் வேகவைத்து அடுப்பில் வாட்டிய கீகாந்தெஸ், காய்கறிகளை எண்ணெயில் வாட்டிய பிரியாம், வேகவைத்த கீரையான ஹோர்த்தா. அரிசி அடைத்த தக்காளியான கெமிஸ்தாவில் சில இடங்களில் கொத்துக்கறி சேர்ப்பார்கள், கேட்டுக்கொள்ளுங்கள். ஸ்கினூசாவில் ஃபாவா கட்டாயம்: மஞ்சள் பருப்பை மசித்து, மேலே வெங்காயமும் ஆலிவ் எண்ணெயும். பருப்புக் கடையலுக்குப் பழகிய நாக்கு அதை உடனே அடையாளம் கண்டுகொள்ளும்.

ஜூன் 4

ஸ்கினூசா என்றதும் ஞாபகம்: துறை மெர்சீனி, ஊர் மேலே ஒரு கிலோமீட்டருக்குச் சற்று அதிகம், ஏற்றம். ஜூலை வெயிலில் அப்பாவை நடக்க வைக்காதீர்கள்; தங்குமிடத்தில் சொன்னால் வண்டி அனுப்புவார்கள்.

படகில் ஏறுவதும் இறங்குவதும் பெரியவர்களுக்கு இன்னொரு சங்கடம். அங்கே படகுகள் கடையாலை, அதாவது பின்முனையை, கரைக்குக் கொடுத்து, முன்னால் நங்கூரம் போட்டுக் கட்டியிருக்கும். நடுவே ஒரு ஒற்றைப் பலகை, ஒரு காலடி அகலம், கைப்பிடி கிடையாது. காலணியைக் கழற்றிவிட்டு, பலகை அசைவு அடங்கிய நொடியில், நடுவே நிற்காமல் இரண்டு எட்டில் கடக்க வேண்டும். இந்தப் பக்கம் ஒருவர் கை, அந்தப் பக்கம் ஒருவர் கை. பையை முதலில் தூக்கிக் கொடுத்துவிடுங்கள்.

ஜூன் 9

கேரோஸில் இறங்கலாமா? கூடாது. கூஃபோனீசித் துறையில் நின்றால் எதிரே பாறை முதுகாகத் தெரிவது கேரோஸ்தான். தொல்லியல் காப்பிடம், இறங்கத் தடை. படகிலிருந்தே பாருங்கள்.

ஆனால் அதைப் பார்க்கும்போது என்ன பார்க்கிறோம் என்று தெரிந்திருக்க வேண்டும். சுமார் 4,500 ஆண்டுகளுக்கு முன், சிக்லடீஸின் மற்ற தீவுகளிலிருந்து பளிங்குச் சிலைகளை அங்கே கொண்டுவந்து சேர்த்தார்கள். முழுச் சிலைகளை இல்லை. வேறெங்கோ வேண்டுமென்றே உடைத்து, துண்டுகளை மட்டும். ஒரு துண்டு இன்னொன்றோடு பொருந்துவது அரிது. ஏதென்ஸ் தேசிய அருங்காட்சியகத்தில் யாழ் வாசிப்பவரும் குழல் ஊதுபவரும் என்று இரண்டு பளிங்கு உருவங்கள் இருக்கின்றன. அவை கேரோஸில் கிடைத்தவை. ஒட்டினாற்போல் இருக்கிற தஸ்காலியோ அன்று கேரோஸோடு சேர்ந்திருந்த முனை, கடல் உயர்ந்து இன்று தனித் திட்டு. அதன் மேல் கட்டடங்கள் எழுப்ப நக்சோஸிலிருந்து பளிங்கைப் படகில் ஏற்றி வந்திருக்கிறார்கள். அன்று அங்கே பாய் பழக்கத்துக்கு வரவில்லை, எல்லாம் துடுப்பு. நாம் பாய்மரப் படகில் யோசித்து யோசித்துக் கடக்கிற கடலை அவர்கள் கல்லோடு கடந்திருக்கிறார்கள்.

ஜூன் 15

கேள்வி கேட்டவர் திட்டத்தை மாற்றிவிட்டாராம்: இரண்டு இரவு நக்சோஸ், இரண்டு இரவு கூஃபோனீசி. மிக நல்ல முடிவு. அங்கே ஒருநாள் இப்படி வைத்துக்கொள்ளுங்கள். காலை பத்துக்கு முன் கிளம்பி, மேல் கூஃபோனீசியின் தெற்குக் கரையை ஒட்டி ஃபினிகாஸ், ஃபானோஸ், இதாலிதா என்று கிழக்கே போரி வரை. எல்லாம் வடக்குக் காற்றுக்கு மறைவு. பிறகு எதிரே கீழ் கூஃபோனீசி. கடற்கரைக்குப் பக்கத்தில் ஒரே ஒரு உணவகம், சாலை கிடையாது, கார் கிடையாது. காற்று அனுமதித்தால் இராக்லியாவின் தென்மேற்கில் இருக்கிற அலிமியா விரிகுடா. அங்கே கடலடியில், சுமார் 10 மீட்டர் ஆழத்தில், இரண்டாம் உலகப் போர் காலத்து ஜெர்மன் கடல்விமானம் ஒன்று கிடக்கிறது. தண்ணீர் தெளிந்திருந்தால் நீச்சல் கண்ணாடி போட்டு மேலே மிதந்தபடியே இறக்கைகள் தெரியும். மகளுக்கு இது கூஃபோனீசியைவிடப் பிடித்துப்போகும்.

ஜூன் 16

அலிமியா பற்றி ஒரு எச்சரிக்கை சேர்க்க வேண்டும். மே 14 குறிப்பில் சொன்ன மலைக்காற்று அங்கேயும் விழும். நீந்துபவரை அந்த வீச்சு மெல்லத் திறந்த கடல் பக்கம் தள்ளும். அலை இல்லாததால் தள்ளுவது தெரியாது. ஆகவே படகிலிருந்து காற்று வருகிற திசையில், அதாவது கரையைப் பார்த்து முதலில் நீந்துங்கள். களைத்தால் காற்றே படகுக்குக் கொண்டுவந்து சேர்க்கும். எதிர்ப்பக்கம் போகாதீர்கள். கடையாலில் ஒரு மிதவையைக் கயிற்றில் கட்டி இருபது மீட்டர் பின்னால் விடச் சொல்லுங்கள்; பிடித்துக்கொள்ள உதவும். எஞ்சின் நின்றுவிட்டதா என்று கேட்காமல் யாரும் குதிக்கக் கூடாது.

ஜூன் 22

நங்கூரம் போடுவதைப் பார்த்தே கேப்டனை எடைபோடலாம் என்று எழுதியிருந்தார் ஒருவர். முற்றிலும் சரி. எதைப் பார்ப்பது என்று சொல்கிறேன்.

நல்லவர் முதலில் விரிகுடாவுக்குள் ஒரு சுற்றுச் சுற்றுவார். வெளிர்நீலத் திட்டு மணல். கரும்பச்சை, கருநீலத் திட்டு பொசிடோனியா கடற்புல். நங்கூரம் மணலில்தான் விழ வேண்டும். புல்லில் பற்றாது, பற்றினாலும் பறிக்கும்போது வேரோடு பிய்க்கும், ஒரு ஆண்டுக்குச் சில சென்டிமீட்டர்தான் அது வளரும். மணல் திட்டுக்கு மேலே அணியத்தைக் காற்றுக்கு நேராகத் திருப்பிப் படகை முழுக்க நிறுத்துவார். நங்கூரம் தரையைத் தொடும்வரை சங்கிலி இறங்கும். பிறகு படகு மெல்லப் பின்னால் போகப் போகச் சங்கிலி விடுவார், ஒரே குவியலாகக் கொட்ட மாட்டார். ஆழம் 5 மீட்டர் என்றால் 25 மீட்டர் சங்கிலி. காற்று பலமென்றால் 35. கடைசியில் எஞ்சினைப் பின்னோக்கி அழுத்திக் கொடுத்து, கரையில் இருக்கிற ஒரு பாறையையும் அதற்குப் பின்னால் இருக்கிற ஒரு மரத்தையும் சேர்த்துப் பார்ப்பார். இரண்டும் ஒன்றை விட்டு ஒன்று நகரவில்லை என்றால் பிடித்துவிட்டது. அதற்குப் பிறகுதான் எஞ்சின் அணையும், ஏணி இறங்கும். கண்ணாடி போட்டு ஒருவர் கீழே போய் நங்கூரம் மணலில் புதைந்திருக்கிறதா என்று பார்த்து வந்தால் இன்னும் மேல்.

சங்கிலியைத் தடதடவென்று கொட்டிவிட்டு உடனே "குதிங்க" என்பவரிடம் எச்சரிக்கையாக இருங்கள்.

ஜூலை 1

நக்சோஸ் அல்லாத இடங்களைக் கேட்டவர்களுக்குச் சுருக்கமாக.

பாரோஸில் இருப்பவர்கள்: அந்திபாரோஸுக்கு மேற்கே தெஸ்போத்திகோ. ஆளில்லாத தீவு, அப்பல்லோ கோயில் அகழாய்வு 1997 முதல் நடக்கிறது. அதற்கும் அந்திபாரோஸுக்கும் நடுவே இருக்கிற விரிகுடா, மெல்தேமிக்கு நல்ல மறைவு. காற்று பலமான நாளில் கடலில் போகாமல், பூந்தாவிலிருந்து பத்து நிமிட ஃபெரியில் அந்திபாரோஸ் போய், சாலை வழியாக ஆகியோஸ் கியோர்கியோஸ் சென்று, அங்கிருந்து சிறு படகில் கடந்துவிடலாம்.

மீலோஸில் இருப்பவர்கள்: எல்லோரும் கிளெஃப்டிகோ போவார்கள், வெள்ளைப் பாறையும் குகையும் அற்புதம், ஆனால் நடுப்பகலில் அமைதி இருக்காது. அமைதிக்கு பொலியேகோஸ். ஆளில்லாதது, துறவி சீல் என்கிற கடல்நாய்களின் வாழிடம். குகைக்குள் நீந்திப் போகாதீர்கள், அவை குட்டி போடும் இடம். தென்கரை விரிகுடாக்கள் மறைவு.

மெல்தேமியே வேண்டாம் என்பவர்கள்: அயோனியக் கடல் பக்கம் போங்கள். லெஃப்காடாவின் நித்ரீயிலிருந்து மெகனீசி நான்கு மைலுக்குள். அங்கே காலை கண்ணாடிபோல் இருக்கும், நண்பகலுக்கு மேல் வடமேற்கிலிருந்து மாயிஸ்த்ரோ எழும், மாலையில் அடங்கும். முதன்முதலாகப் பாய்மரம் ஏறுகிறவர்களுக்கு இதைவிடப் பொருத்தம் இல்லை. ஏதென்ஸிலேயே நேரம் குறைவு என்றால் சரோனிக் வளைகுடா: ஏகினாவின் பெர்திகாவுக்கு எதிரே மோனி என்கிற திட்டு, மானும் மயிலும் திரியும், பக்கத்தில் பைன் மரங்கள் மூடிய அகிஸ்திரி.

ஜூலை 6

தாமே ஓட்டலாமா என்பவருக்கு: 30 குதிரைத்திறன் வரையிலான சின்ன மோட்டார் படகை உரிமம் இல்லாமல் வாடகைக்குத் தருவார்கள். பாய்மரப் படகைக் கேப்டன் இல்லாமல் எடுக்க அங்கீகரிக்கப்பட்ட சான்றிதழ் வேண்டும், கூடவே படகு தெரிந்த இன்னொருவரும் வேண்டும். ஜூலை ஏஜியனில் முதல் முயற்சி வேண்டாம்.

ஜூலை 19

அடுத்த வாரம் கிளம்புகிறார்கள். முன்னறிவிப்பைப் பார்க்கும் முறை: மூன்று நாளுக்கு மேல் உள்ளதை நம்ப வேண்டாம். கிரேக்க வானிலை நிலையத்தின் கடல் அறிக்கை, பொசைடன் அலை வரைபடம், கைபேசியில் விண்டி செயலி, இந்த மூன்றில் குறைந்தது இரண்டு ஒத்துப்போக வேண்டும். காலை ஒன்பது மணிக் காற்றைப் பார்த்து ஏமாறாதீர்கள். பிற்பகல் இரண்டு முதல் ஆறு வரை என்ன என்று பாருங்கள், நீங்கள் திரும்புவது அப்போதுதான். படகு நாளைத் தங்குவதன் முதல் நாளுக்கே போடுங்கள். காற்று கெடுத்தால் தள்ளிப்போட இன்னொரு நாள் இருக்கும். விமானத்துக்கு முந்தின நாளில் கடலே வேண்டாம்.

நக்சோஸில் இருக்கும்போது காலை எட்டுக்கு போர்த்தாரா பளிங்கு வாசலுக்கு நடந்து போய் மேற்கே பாரோஸ் கால்வாயைப் பாருங்கள். அங்கொன்றும் இங்கொன்றுமாக வெள்ளை நுரை என்றால் 3. அடிக்கடி நுரை என்றால் 4. எங்கு பார்த்தாலும் நுரை என்றால் 5. அலை முகட்டிலிருந்து நீர்த்தூள் பறக்கிறது என்றால் 6, திரும்பி வந்து காபி சாப்பிடுங்கள்.

ஜூலை 20

பைக்கு: ஆளுக்கு இரண்டு மூன்று லிட்டர் தண்ணீர் (காற்றில் வியர்வை தெரியாது, உடம்பு காய்ந்துவிடும்), தாடைக்குக் கயிறு உள்ள தொப்பி, முழுக்கைச் சட்டை, காற்றைத் தடுக்கும் மெல்லிய ஜாக்கெட், மகள் அளவுக்கு உயிர்காப்பு அங்கி இருக்கிறதா என்று முன்கூட்டியே கேட்ட பதில். சக்கரப் பெட்டி வேண்டாம், துணிப்பை. பயணிகள் பட்டியலுக்குப் பெயரும் பாஸ்போர்ட் எண்ணும் கேட்பார்கள், அது வழக்கம். கடலோரக் காவலுக்கு அவசர எண் 108, பொதுவானது 112.

ஜூலை 26, காலை

கூஃபோனீசியிலிருந்து கேட்டிருக்கிறார்: இன்று 5, நாளை 4, நாளை மறுநாள் 6; கேப்டன் இன்று இராக்லியா வேண்டாம், தெற்குக் கரையோடு நிறுத்திக்கொள்ளலாம் என்கிறாராம். கேப்டன் சொல்வதைக் கேளுங்கள். இன்று ஃபானோஸ், போரி. அலிமியாவுக்கு நாளைக் காலை, ஒன்பதுக்கே கிளம்பி இரண்டுக்குள் திரும்பிவிடுங்கள். மகளுக்கு நீச்சல் கண்ணாடியை இன்றே போட்டுப் பார்த்து, பட்டையைச் சரிசெய்து வையுங்கள்.